காய்ந்த புல்லும் குட்டிக் குதிரையும்

2015 ஏப்ரல் 1. சியரா நெவாடா மலையில் பிலிப்ஸ் என்றொரு புல்வெளி, 6,800 அடி உயரத்தில். மாநில அதிகாரிகள் ஆண்டுதோறும் நீண்ட குழாயோடு வந்து அங்கே பனியை அளப்பார்கள். ஏப்ரல் தொடக்கத்தில் வழக்கமாக ஐந்தடிப் பனி கிடக்கும். அன்று குழாயைச் செருகப் பனியே இல்லை. கலிபோர்னியா ஆளுநர் ஜெரி பிரவுன் காய்ந்த புல்லின் மேல் நின்றுகொண்டு, நம் காலடியில் ஐந்தடிப் பனி இருந்திருக்க வேண்டும் என்றார். நகரங்களின் நீர்ச் செலவை 25 விழுக்காடு குறைக்கும் ஆணையை அந்த இடத்திலேயே அறிவித்தார். மாநிலம் முழுமைக்கும் நீர்க் குறைப்பு கட்டாயமானது அதுவே முதல்முறை. அவர் அதிகம் பேசவேண்டி இருக்கவில்லை. பாதிப் பேச்சைப் புல்லே பேசிவிட்டது.

அதற்கு ஐந்து ஆண்டுக்கு முன், 2010 ஜனவரியில், சாக்ரமென்டோ சட்டமன்றத்தில் அவருக்கு முந்தைய ஆளுநர் அர்னால்ட் ஸ்வார்செனேகர் தன் கடைசி ஆண்டுரையைத் தொடங்கியது ஒரு வீட்டுக் கதையோடு. வீட்டில் ஒரு குட்டிக் குதிரையும் ஒரு பன்றியும் வளர்ந்தன. நாய்த் தீனி இருந்த டப்பாவைத் திறப்பது எப்படி என்று இரண்டும் சேர்ந்து கண்டுபிடித்துவிட்டன. குதிரை டப்பாவை மேலிருந்து தட்டிவிடும். இரண்டும் அதை மூலைக்கு ஒதுக்கும். பன்றி மூக்கால் உருட்டி உருட்டி மூடியைக் கழற்றும். பிறகென்ன, விருந்துதான். இரு கட்சிக்காரர்களும் இப்படி ஒத்துழைக்கலாமே என்பது அவர் சொல்ல வந்தது. யார் குதிரை, யார் பன்றி என்பதை அவையின் கற்பனைக்கு விட்டுவிட்டார்.

நம்மூர் வாசகருக்கு ஒரு சொல். இங்கே ஆளுநர் சட்டமன்றத்தில் படிப்பது அமைச்சரவை எழுதிக் கொடுத்த உரை. அமெரிக்க ஆளுநர் மக்கள் வாக்கில் வந்தவர்; ஏறக்குறைய நம் முதலமைச்சருக்கு நிகர். அவர் பேச்சு அவர் கணக்கில்தான் எழுதப்படும். அதனால்தான் இந்த இருவரின் பேச்சையும் அருகருகே வைத்துப் பார்க்க முடிகிறது. ஒருவர் ஆஸ்திரியாவிலிருந்து வந்த ஆணழகன், நடிகர், குடியரசுக் கட்சி. மற்றவர் முன்னாள் ஆளுநரின் மகன், இளமையில் இயேசு சபைத் துறவுமடத்தில் பயின்றவர், ஜனநாயகக் கட்சி. இருவருமே சுற்றுச்சூழலையும் கல்வியையும் விடாமல் பேசினார்கள். ஆனால் ஒரே மனிதர் இந்த இரண்டைப் பற்றியும் ஒரே குரலில் பேசவில்லை. என் அக்கறை அந்தக் குரல் மாற்றத்தில்தான்.

முதலில் காற்று. 2005 ஜூன் 1 அன்று சான் பிரான்சிஸ்கோவில் நடந்த உலகச் சுற்றுச்சூழல் நாள் கூட்டத்தில், விவாதம் முடிந்துவிட்டது, அறிவியல் நமக்குத் தெரியும் என்று அடித்துச் சொன்னார் ஸ்வார்செனேகர். வெள்ளை மாளிகையில் அவர் கட்சிக்காரரே இருந்து, வேறு பாட்டுப் பாடிக்கொண்டிருந்த காலம் அது. கூடவே ஓர் ஆணை: பசுங்குடில் வாயு வெளியீடு 2010க்குள் 2000ஆம் ஆண்டு அளவுக்கும், 2020க்குள் 1990ஆம் ஆண்டு அளவுக்கும் இறங்க வேண்டும், 2050க்குள் 1990ஐவிட 80 விழுக்காடு குறைய வேண்டும். 2050இல் அவருக்கு வயது 103 ஆகும். தொலைவான ஆண்டைச் சொல்வது மேடைக்கு வசதி. தவறினால் கேட்க ஆள் இருக்காது. ஆனால் அவர் அதோடு நிற்கவில்லை. 2006 செப்டம்பரில் சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவின் ட்ரெஷர் தீவில், 2020 இலக்கைச் சட்டமாக்கும் ஏபி 32 என்ற மசோதாவில் கையெழுத்திட்டார்.

2007 ஏப்ரலில் ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகத்தில் அவர் பேசியது எனக்குப் பிடித்த உரை. ஒரு காலத்தில் உடற்பயிற்சிக் கூடத்துக்குப் போகிறவனை உலகம் ஒரு மாதிரியாகப் பார்த்தது. பிறகு அதுவே கவர்ச்சியானது. சுற்றுச்சூழல் இயக்கமும் அப்படி மாற வேண்டும், குற்றவுணர்வை ஊட்டி யாரையும் இழுக்க முடியாது என்றார். காரை விடு என்று சொல்லாதே, காரை மாற்று என்பதுதான் அவர் வாதம். தன் ஹம்மர் வண்டிகளில் ஒன்று உயிர் எரிபொருளிலும் மற்றொன்று ஹைட்ரஜனிலும் ஓடுவதைப் பெருமையாகச் சொன்னார். மிஷிகனில் அவரைத் திட்டி வைத்த விளம்பரப் பலகையை எடுத்துக்காட்டி, கார் நிறுவனங்களைப் பார்த்து எழுந்து வேலையைப் பாருங்கள் என்றும் பதிலடி கொடுத்தார். உடற்பயிற்சி ஆசான் கூச்சலிட்டு உற்சாகப்படுத்துகிற தொனி.

பிரவுனுக்கு அந்த உற்சாகம் கிடையாது. அவர் பேச்சில் ஊழிக்காலத்தின் சாயல் உண்டு. 2017 டிசம்பரில் வென்சுரா பக்கம் தாமஸ் காட்டுத்தீ எரிந்தபோது, இதுதான் இனி வாடிக்கை என்றார். அதற்கு முந்தைய ஆண்டு, டிரம்ப் வென்ற சில வாரங்களில், புவி அறிவியலாளர் கூட்டமொன்றில், செயற்கைக்கோள்களை வாஷிங்டன் நிறுத்தினால் கலிபோர்னியா சொந்தமாக ஒன்றை ஏவும் என்று ஒரு வசவுச் சொல்லையும் சேர்த்து முழங்கினார். மடத்துப் படிப்பு அந்தச் சொல்லைத் தடுக்கவில்லை. ஆனால் அவரும் எண்ணில்தான் வந்து நின்றார். 2015 பதவியேற்பு உரையில் 2030க்கு மூன்று இலக்கு வைத்தார்: மின்சாரத்தில் பாதி புதுப்பிக்கத்தக்க ஆற்றலிலிருந்து, கார்களும் லாரிகளும் குடிக்கும் பெட்ரோலிய எரிபொருளில் பாதி குறைப்பு, கட்டடங்களின் ஆற்றல் திறன் இரட்டிப்பு. எண்ணெய் நிறுவனங்கள் திரண்டு எழுந்தன. செப்டம்பரில் பெட்ரோல் இலக்கு மட்டும் இவற்றைச் சட்டமாக்கும் மசோதாவிலிருந்து விழுந்தது. ஓட்டுநரின் கையிலிருக்கும் பம்பை இன்றைக்கே தொட்டது அந்த ஒன்றுதான்.

பள்ளிக்கூடத்தின் கணக்கு வேறு. அங்கே 2050 கிடையாது. ஜூனில் பட்ஜெட் வரும், செப்டம்பருக்குள் வகுப்பில் ஆசிரியர் இருக்க வேண்டும்.

ஸ்வார்செனேகர் இதில் அடி வாங்கினார். 2004இல் பள்ளி நிதியில் சுமார் 200 கோடி டாலரை விட்டுக்கொடுங்கள், பின்னால் ஈடுசெய்வேன் என்று ஆசிரியர் அமைப்புகளிடம் பேசி முடித்தார். அடுத்த ஜனவரியில் அந்த ஈடு வரவில்லை. மாறாக, ஆசிரியர் பணி நிரந்தரமாக இரண்டு ஆண்டுக்குப் பதில் ஐந்து ஆண்டு ஆக வேண்டும் என்று மக்கள் வாக்கெடுப்புக்குப் போனார். 2005 நவம்பரில் அதோடு சேர்த்து அவர் முன்வைத்த நான்கும் தோற்றன. காற்றைப் பற்றிப் பேசும்போது கூட்டாளிகளைச் சேர்த்த வாய், ஆசிரியரைப் பற்றிப் பேசும்போது எதிரிகளைத் தேடியது. பிறகு 2008ஐக் கல்விக்கான ஆண்டு என்று அறிவித்து வைத்தார். அந்த ஆண்டு பிறந்தபோது 1,450 கோடி டாலர் பற்றாக்குறையும், துறைகள் எல்லாவற்றிலும் பத்து விழுக்காடு வெட்டும்தான் மேடையேறின.

அந்தக் குட்டிக் குதிரை உரையில் வலுவான ஒரு பகுதி உண்டு. அதைச் சொல்லாமல் விட்டால் அநியாயம். முப்பது ஆண்டுக்கு முன் பொது நிதியில் 10 விழுக்காடு உயர்கல்விக்கும் 3 விழுக்காடு சிறைகளுக்கும் போனது. இன்று சிறைக்கு ஏறக்குறைய 11, உயர்கல்விக்கு 7.5 என்றார். உயர்கல்விக்குப் பத்துக்குக் குறையாமலும் சிறைக்கு ஏழுக்கு மேற்படாமலும் அரசமைப்பில் எழுதிவிடலாம் என்பது அவர் யோசனை. இரண்டு மாதம் முன்புதான் கலிபோர்னியா பல்கலைக்கழகம் கட்டணத்தை 32 விழுக்காடு ஏற்ற முடிவெடுத்து, மாணவர்கள் வளாகங்களை முற்றுகையிட்டிருந்தார்கள். யோசனை நல்லது, கஜானா காலி. அந்தத் திருத்தம் வாக்குச்சாவடி வரை வரவேயில்லை.

பிரவுன் வரிசையை மாற்றிப் போட்டார். 2012 நவம்பரில் முன்மொழிவு 30ஐ மக்கள் முன் வைத்து, விற்பனை வரியில் கால் சென்ட்டும், ஆண்டுக்கு 2,50,000 டாலருக்கு மேல் வருமானம் உள்ளவர்களிடம் கூடுதல் வரியும் கேட்டு வாங்கினார். பணம் உறுதியான பிறகு, 2013 ஜனவரி ஆண்டுரையில் பேசினார். மெய்யாகவே அது கல்வி உரை. தூரத்து அதிகாரிகள் சாட்டையைச் சொடுக்குவதையும், அளவீடுகளை மந்திரத் தாயத்துப்போல் ஓதுவதையும், கல்வியைத் தடுப்பூசிபோல் எங்கோ வடிவமைத்துப் பிள்ளைக்குள் ஏற்றிவிடலாம் என்ற எண்ணத்தையும் கிண்டலடித்தார். கவிஞர் யேட்ஸ் சொன்னதாக ஒரு வாசகத்தையும் எடுத்தாண்டார். அதை யேட்ஸ் எழுத்தில் யாரும் காட்டியதில்லை என்பது வேறு கதை. சமமற்ற நிலையில் இருக்கும் பிள்ளைகளைச் சமமாக நடத்துவது நீதியாகாது என்பதே உரையின் முதுகெலும்பு. அந்தக் கோடையிலேயே சட்டம் வந்தது. இன்ன செலவுக்கு மட்டும் என்று கட்டிப்போட்டிருந்த நிதிகளில் பெரும்பாலானவை ஒன்றாகின. ஏழைப் பிள்ளை, ஆங்கிலம் கற்கும் பிள்ளை, வளர்ப்பு இல்லத்துப் பிள்ளை ஒவ்வொருவருக்கும் அடிப்படைத் தொகைக்கு மேல் 20 விழுக்காடு கூடுதல். இவர்கள் அதிகம் நெருங்கியிருக்கும் பள்ளி மாவட்டங்களுக்கு அதற்கு மேலும். எப்படிச் செலவிடுவது என்பது உள்ளூர் முடிவு. ஓக்லண்ட் மேயராக இருந்தபோது இரண்டு பள்ளிகளை நிறுவி நடத்திப் பார்த்த அனுபவம் இதில் தெரிகிறது.

புகைபோக்கிக்கு டன் கணக்கு வேண்டும் என்றவர் வகுப்பறைக்குக் கணக்கே வேண்டாம் என்கிறார். முரண்தான், ஆனால் நான் இதைக் குறையாகப் படிக்கவில்லை. ஃபிரஸ்னோவில் வெளியேறும் கரியும் ஓக்லண்டில் வெளியேறும் கரியும் ஒன்று. அங்குள்ள பிள்ளையும் இங்குள்ள பிள்ளையும் ஒன்றல்ல. என் சந்தேகம் வேறிடத்தில். பிள்ளையை அளக்க வேண்டாம், சரி. பிள்ளை பேரில் போன பணத்தையாவது அளந்திருக்கலாம்.

2017 ஜூலை 25. கார்பன் வெளியீட்டு வரம்பு வணிகத்தை 2030 வரை நீட்டிக்கும் சட்டத்தில் பிரவுன் கையெழுத்திட்டார். இடம் அதே ட்ரெஷர் தீவு, அருகில் நின்றவர் ஸ்வார்செனேகர். பள்ளி மசோதா எதற்கும் இந்த இருவரையும் ஒரே மேடையில் கற்பனை செய்ய என்னால் முடியவில்லை. மறு ஆண்டு கோடையில், 2020க்கு வைத்த இலக்கை மாநிலம் 2016லேயே எட்டிவிட்டதாகக் காற்று வள வாரியம் அறிவித்தது. 2019 நவம்பரில், பிரவுனின் பதவிக்காலம் முடிந்து பத்து மாதமான பிறகு, மாநிலத் தணிக்கையாளர் பள்ளி நிதிமுறையை எடுத்துப் பார்த்தார். ஏழைப் பிள்ளைகளுக்கென்று கொடுத்த கூடுதல் பணம் அவர்களுக்குத்தான் போய்ச் சேர்ந்ததா என்று கண்டறியும் அளவுக்கு மாநிலத்திடம் தரவு இல்லை என்று எழுதினார்.