எதிர்ப்பொருள்களின் பிணைப்பு முதிர்ச்சி

தொற்றுக்கோ தடுப்பூசிக்கோ பின்பு, நாள் செல்லச் செல்ல எதிர்ப்பொருள்கள் தம் ஆன்டிஜெனை முன்பைவிட இறுகப் பற்றுவதே பிணைப்பு முதிர்ச்சி. 1964இல் ஹெர்மன் ஐசனும் கிரிகரி சிஸ்கிண்டும் இதை முயல்களில் அளந்து காட்டினர். டைநைட்ரோஃபீனைல் சேர்த்த புரதத்தைச் செலுத்திச் சில வாரங்கள் கழித்து எடுத்த எதிர்ப்பொருள், தொடக்கத்தில் எடுத்ததைவிடப் பன்மடங்கு வலுவாகப் பிணைந்தது. குறைந்த அளவு ஆன்டிஜென் பெற்ற முயல்களில் இந்த ஏற்றம் கூடுதலாக இருந்தது. பங்கு குறைந்தால் போட்டி கடுமையாகும்.

போட்டி நடக்கும் இடம், நிணநீர் முடிச்சுகளிலும் மண்ணீரலிலும் தோன்றும் முளை மையம். அதன் இருள் பகுதியில், எதிர்ப்பொருளை உருவாக்கும் பி செல்கள் வேகமாகப் பிளவுறுகின்றன. அப்போது ஏஐடி என்ற நொதி, எதிர்ப்பொருள் மரபணுவில் உள்ள சைட்டோசினை யுராசிலாக மாற்றுகிறது. இதைச் செப்பனிடும்போது நேரும் பிழைகளே திடீர் மாற்றங்களாக நிலைக்கின்றன: ஒரு பிளவுக்கு ஆயிரம் காரங்களுக்கு ஏறத்தாழ ஒன்று. இது வழக்கமான வீதத்தைப்போல் சுமார் பத்து லட்சம் மடங்கு.

இந்த மாற்றங்களுக்கு இலக்கு தெரியாது; பெரும்பாலானவை பயனற்றவை, சில கெடுதலானவை. சலித்தெடுக்கும் வேலை ஒளிப் பகுதியில் நடக்கிறது. அங்கே கிளைச் செல்கள் ஏந்தி நிற்கும் ஆன்டிஜெனைப் பி செல்கள் பிய்த்தெடுத்து, உள்வாங்கி, உதவி டி செல்களிடம் காட்ட வேண்டும். இறுகப் பற்றும் செல் அதிகம் எடுக்கும், அதிக உதவி பெறும், மீண்டும் இருள் பகுதிக்குத் திரும்பும். மற்றவை மடிகின்றன. எலிகளில் என்.பி. என்ற சிறு மூலக்கூறுக்கு எதிரான எதிர்ப்பொருளில், கனச் சங்கிலியின் 33ஆம் இடத்து டிரிப்டோஃபன் லியூசினாக மாறினாலே பிணைப்பு சுமார் பத்து மடங்கு கூடிவிடுகிறது.

ஏஐடியை 1999இல் தசுக்கு ஹோஞ்ஜோவின் குழு கண்டறிந்தது. பிறவியிலேயே இந்த நொதி செயல்படாதவர்களுக்கு முளை மையங்கள் பெருத்து வீங்கும். ஆனால் ஐஜிஎம் என்ற எதிர்ப்பொருள் வகையே மிகுந்து, தொற்றுகள் திரும்பத் திரும்ப வரும்.

முதிர்ச்சிக்கு உச்சவரம்பும் உண்டு. பிணைப்பு மாறிலி மோலாருக்குச் சுமார் ஆயிரம் கோடியைத் தொட்டபின் ஏற்றம் நின்றுவிடுகிறது. அதற்கு மேல் எவ்வளவு நேரம் ஆன்டிஜெனைப் பிடித்திருந்தாலும், பி செல் அதை முன்னதாகவே உள்ளிழுத்துவிடுவதால் கூடுதல் பயன் இல்லை என்பதே ஏற்கத்தக்க விளக்கம். 2000இல் ஈஸ்ட் செல்களின் மேற்பரப்பில் எதிர்ப்பொருள் துண்டுகளைத் தோற்றுவித்துத் தேர்ந்தெடுத்த ஆய்வாளர்கள், இந்த வரம்பை ஆயிரம் மடங்குக்கு மேல் தாண்டினர். ஆகவே அந்த வரம்பு வேதியியலுடையதன்று, பி செல்லுடையது.