வரி கட்டியவரின் வட்டம், வசிப்பவரின் வட்டம்: ஜார்ஜ் டவுனை முன்வைத்துச் சென்னை மாநகராட்சித் தேர்தல் வரலாறு

சென்னை மாநகராட்சியின் தேர்தல் வட்டத்துக்கு வயது ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல். மாநகராட்சியோ அதைவிட ஏறத்தாழ இரண்டு நூற்றாண்டு மூத்தது. தமிழகத்து உள்ளாட்சித் தேர்தலைப் பற்றிய எழுத்துகள் உத்திரமேரூர்க் குடவோலையிலிருந்து தொடங்குவது வழக்கம். சென்னை வட்டத்துக்கும் அதற்கும் நேரான தொடர்ச்சி எதுவும் இல்லை. இந்த வட்டம் ஆங்கிலேயர் ஆட்சியில் வரி வசூலையொட்டிப் பிறந்தது. யாரிடம் வரி வாங்குவது என்ற கேள்வியே நெடுங்காலம் யாருக்கு வாக்கு என்பதையும் தீர்மானித்தது. அந்த அடிப்படை மாறியதன் விளைவை நகரின் பழைய வணிகப் பகுதியான ஜார்ஜ் டவுனில் தெளிவாகக் காணலாம்.

1687 டிசம்பரில் வழங்கப்பட்ட சாசனத்தின்படி 1688 செப்டம்பர் 29 அன்று மாநகராட்சி தொடங்கியது. ஒரு மேயர், 12 ஆல்டர்மேன்கள், 60 பர்ஜெஸ்கள். முதல் மேயர் நதேனியல் ஹிக்கின்சன். ஊர்ப் பெரியவர்களுக்கு அவையில் இடம் கொடுத்தால் மக்கள் மனமுவந்து வரி கட்டுவார்கள் என்பது கிழக்கிந்தியக் கம்பெனியின் கணக்கு. கணக்கு பலிக்கவில்லை. பின்னர் பதினெட்டாம் நூற்றாண்டில், இன்றைய ஜார்ஜ் டவுனான கருப்பர் நகரைச் சுற்றி எழுப்பிய மதிலுக்காக விதிக்க நினைத்த வரியும் கைகூடவில்லை. வால்டாக்ஸ் சாலை என்ற பெயர் மட்டும் எஞ்சியது.

கருப்பர் நகரத்தில் தேர்தல் வட்டத்துக்கு முன்பே வேறொரு பிரிவினை இருந்தது. முத்தியால்பேட்டை, பெத்தநாயக்கன்பேட்டை என இரு பாதிகளாக நின்ற அந்த ஊரில் வலங்கை, இடங்கைச் சாதிகளின் மோதல் அடிக்கடி வெடித்தது. 1707-08 கலகத்துக்குப் பின் ஆளுநர் தாமஸ் பிட் வலங்கையாரைப் பெத்தநாயக்கன்பேட்டையிலும் இடங்கையாரை முத்தியால்பேட்டையிலும் பிரித்துக் குடியமர்த்த முயன்றார். எந்தத் தெருவில் யார் செல்வாக்கு என்ற கணக்கு, வாக்குச்சீட்டு வருவதற்கு வெகுகாலம் முன்பே இங்கு போடப்பட்டுவிட்டது.

1867-ஆம் ஆண்டுச் சட்டம்தான் நகரத்தை முதன்முதலாக எட்டு டிவிஷன்களாகப் பிரித்தது. ஒவ்வொன்றுக்கும் நான்கு கமிஷனர்கள், மொத்தம் 32 பேர்; அத்தனை பேரும் அரசின் நியமனம். வட்டம் வந்துவிட்டது, தேர்தல் வரவில்லை. 1878 சட்டம் 32 பேரில் பாதியைத் தேர்ந்தெடுக்கும் உரிமையை வரி செலுத்துவோருக்குத் தந்தது. 1884-இல் அந்தப் பாதி 24 ஆக உயர்ந்தது. ரிப்பன் பிரபு காலத்து உள்ளாட்சிச் சீர்திருத்தத்தின் காற்று அது.

இந்தக் காலத்து வாக்காளர் யார் என்பதுதான் முக்கியம். தம்புச் செட்டித் தெருவிலும் லிங்கிச் செட்டித் தெருவிலும் வீடும் கிட்டங்கியும் வைத்திருந்த வணிகர் வாக்காளர். அந்தக் கிட்டங்கிக்கு மூட்டை சுமந்தவர் வாக்காளர் அல்லர், அவர் அதே தெருவின் திண்ணையில் உறங்கினாலும் சரி. வணிகச் செறிவும் சொத்து வரியும் மிகுந்த பகுதி என்பதால் ஜார்ஜ் டவுனின் சொல்லுக்கு மன்றத்தில் எடை இருந்தது. மாநகராட்சி அலுவலகமே 1913 வரை அங்கே எர்ரபாலுச் செட்டித் தெருவில்தான் இயங்கியது. அந்த ஆண்டில்தான் ரிப்பன் மாளிகைக்குக் குடிபோனது.

1904 சட்டம் ஒரு படி இறங்கியது. உறுப்பினர் எண்ணிக்கை 36 ஆனாலும் டிவிஷன்களிலிருந்து வருவோர் 20 ஆகக் குறைந்தனர். சேம்பர் ஆஃப் காமர்சுக்கு மூன்று, டிரேட்ஸ் அசோசியேஷனுக்கு மூன்று என ஐரோப்பிய வணிக அமைப்புகளுக்குத் தனி இடங்கள் ஒதுக்கப்பட்டன. தெருவின் பிரதிநிதியைக் குறைத்து நிறுவனத்தின் பிரதிநிதியைக் கூட்டிய ஏற்பாடு இது.

1919-ஆம் ஆண்டுச் சென்னை மாநகராட்சிச் சட்டம் 50 உறுப்பினர்களில் 30 பேரை வட்டங்களுக்குத் தந்தது; தலைவரை மன்றமே தேர்ந்தெடுக்கலாம் என்றது. நிர்வாகப் பொறுப்பை அரசு நியமிக்கும் ஆணையரிடம் வைத்தது. நூறாண்டு கடந்தும், 2023-இல் தமிழ்நாடு நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டம் நடைமுறைக்கு வரும்வரை, இந்தச் சட்டமே சென்னையை ஆண்டது. வண்ணாரப்பேட்டையைச் சேர்ந்த பிட்டி தியாகராயச் செட்டியார் இதன்கீழ் 1920-இல் தலைவரானார். 1882-இலிருந்தே மன்றத்தில் இருந்தவர் அவர், நீதிக்கட்சியின் தலைவர்.

அவர் காலத்துத் தீர்மானம் ஒன்றைச் சற்று நெருங்கிப் பார்க்கலாம். 1920 செப்டம்பர் 16 அன்று, ஆயிரம் விளக்குப் பகுதியின் மாநகராட்சிப் பள்ளி மாணவர்களுக்குச் சிற்றுண்டி வழங்க மன்றம் ஒப்புதல் தந்தது. ஒரு மாணவருக்கு நாளொன்றுக்கு ஓரணாவுக்கு மேல் செலவாகக் கூடாது என்பது நிபந்தனை. பள்ளிக்கு வரும் பிள்ளைகளின் எண்ணிக்கை கூடியது. திட்டம் மேலும் நான்கு பள்ளிகளுக்குப் பரவியது. தொடக்கக் கல்வி நிதியிலிருந்து இச்செலவைச் செய்ய அரசு இடந்தராததால் 1925-இல் திட்டம் நின்றது. வாக்குரிமை இல்லாத வீட்டுப் பிள்ளைகளுக்காக வரி கட்டியவர்களின் மன்றம் எடுத்த முடிவு அது. மன்றம் முடிவெடுக்க மேலிருந்து அரசு முடக்கும் இந்த முறை பின்னாளில் பலமுறை திரும்பியது.

1933-இல் மேயர் பதவி மீண்டது; மீண்ட பதவியின் முதல் மேயர் ராஜா சர் முத்தையா செட்டியார். 1937-இல் ஜெ. சிவசண்முகம் பிள்ளை மேயரானார். பட்டியல் சாதியைச் சேர்ந்த முதல் மேயர் அவர். வரித் தகுதியால் வாக்காளர் பட்டியலுக்கு வெளியே நின்ற மக்களிலிருந்து ஒருவர் வட்டங்களின் தலைவராக அமர்ந்தது சிறிய செய்தியன்று.

விடுதலைக்குப் பின் வயது வந்தோர் அனைவருக்கும் வாக்கு என்றானதும் வட்டத்தின் உள்ளடக்கமே மாறியது. வரி ரசீது தகுதியிழந்தது, முகவரி தகுதியானது. இதை முதலில் சரியாகப் புரிந்துகொண்ட கட்சி தி.மு.க. எனலாம். படிப்பகம், கிளைக் கழகம், வட்டச் செயலாளர் என்று கட்சி அமைப்பையே தேர்தல் எல்லைக்குள் பொருத்தி வைத்தது. 1959 தேர்தலில் 100 இடங்களில் 45-ஐ வென்று, அ.பொ. அரசுவை மேயராக்கியது. சட்டமன்றத்தில் 15 உறுப்பினர் மட்டுமே கொண்டிருந்த கட்சி, ஆட்சிப் பொறுப்பைப் பழகிய முதல் இடம் ரிப்பன் மாளிகை. கோட்டையைப் பிடிக்க அதற்கு இன்னும் எட்டாண்டு ஆயிற்று.

அதே கட்சியின் அரசுதான் 1973 டிசம்பர் 1 அன்று மன்றத்தைக் கலைத்தது. வேலைக்கு வராதவர் பெயரில் கூலி எடுத்ததாக எழுந்த மஸ்டர் ரோல் ஊழல் புகார் காரணமாகக் காட்டப்பட்டது. புகார் கடுமையானதுதான், ஆனால் அதன் பெயரால் 23 ஆண்டுகள் நகரத்துக்குத் தேர்தலே இல்லாமல் போனதை எந்தப் புகாராலும் நியாயப்படுத்த முடியாது. தி.மு.க. ஆட்சி, குடியரசுத் தலைவர் ஆட்சி, அ.தி.மு.க. ஆட்சி என எது வந்தாலும் தனி அதிகாரிகளே நகரை நிர்வகித்தனர்.

கவுன்சிலர் இல்லாத அந்த இடைவெளி வெற்றிடமாக இருக்கவில்லை. தெருவிளக்கு எரியவில்லை, சாக்கடை அடைத்துக்கொண்டது, ரேஷன் கார்டில் பெயர் சேர்க்க வேண்டும் என்றால் மக்கள் கட்சியின் வட்டச் செயலாளர் வீட்டுக்குப் போனார்கள். அவர் சட்டமன்ற உறுப்பினரிடம் போனார். தேர்ந்தெடுக்கப்படாதவர், கணக்குக் காட்ட வேண்டாதவர், ஆனால் காரியம் முடிப்பவர் என்ற நிலை அவருக்கு வாய்த்தது. மறுபுறம் 1978-இல் குடிநீரும் கழிவுநீரும் சென்னைக் குடிநீர் வாரியத்திடம் போயின. நகரமைப்பும் குடிசைப் பகுதிகளும் அதற்குச் சில ஆண்டுகள் முன்பே தனித்தனி அமைப்புகளின் கைக்குச் சென்றுவிட்டன. 1996-இல் கவுன்சிலர் திரும்பி வந்தபோது குழாயில் தண்ணீர் வரவில்லை என்ற புகார் அவரிடம்தான் வந்தது. குழாய் அவருடையதாக இல்லை.

அந்தத் திரும்புதலுக்குக் காரணம் 1993 ஜூனில் நடைமுறைக்கு வந்த 74-ஆம் அரசமைப்புத் திருத்தம். ஐந்தாண்டுக்கு ஒரு தேர்தல், மாநிலத் தேர்தல் ஆணையம், பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாத இடம் என அது விதித்தது. 1996-இல் 155 வட்டங்களுக்குத் தேர்தல் நடந்தது. மேயரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்தனர், மு.க. ஸ்டாலின் வென்றார். 2001-இலும் அவரே வென்றார். ஒருவர் இரு பதவி வகிக்கக் கூடாது என்ற 2002 சட்டத்தால் மேயர் பதவியை விட்டார். 2006-இல் மேயரைக் கவுன்சிலர்கள் தேர்ந்தெடுத்தனர், 2011-இல் மறுபடி மக்கள், 2022-இல் மறுபடி கவுன்சிலர்கள். ஆளும் கட்சியின் வசதியைத் தவிர இந்த மாற்றங்களுக்கு வேறு தத்துவம் தேடுவது வீண்.

1996 ஜார்ஜ் டவுனுக்கு இன்னொரு வகையிலும் திருப்பம். கொத்தவால் சாவடிக் காய்கறிச் சந்தை அந்த ஆண்டில் கோயம்பேட்டுக்குப் பெயர்ந்தது. கோடவுன் தெருவின் துணிக்கடைகளும் ஆண்டர்சன் தெருவின் காகிதக் கடைகளும் தங்கின. ஆனால் கடை வைத்திருப்போர் பலர் நகரின் வேறு பகுதிகளுக்குக் குடிபெயர்ந்தனர். வாக்கு இருப்பிடத்தைச் சார்ந்தது என்பதால் அவர்களுக்குக் கடை ஓரிடம், ஓட்டு ஓரிடம். தெருவில் மிஞ்சிய வாக்காளர்கள் பழைய ஒண்டிக்குடித்தன வீடுகளின் வாடகைக் குடும்பங்களும், சுமைத் தொழிலாளர்களும், சௌகார்பேட்டையில் தலைமுறைகளாக வாழும் குஜராத்தி, ராஜஸ்தானிக் குடும்பங்களும், வால்டாக்ஸ் சாலை போன்ற இடங்களில் நடைபாதையிலேயே காலங்கழிக்கும் குடும்பங்களும். 1878-இன் பட்டியலை இது ஏறத்தாழத் தலைகீழாக்கியது: அன்று உரிமையாளருக்கு வாக்கு, சுமப்பவருக்கு இல்லை, இன்று சுமப்பவர் வாக்காளர், கடைக்காரர் வரி மட்டும் கட்டுகிறார். பகலில் லட்சக்கணக்கானோர் புழங்கும் தெருக்களின் குப்பைக்கும் நெரிசலுக்கும் பொறுப்பேற்கும் கவுன்சிலர், இரவில் அங்கே தங்குவோரால் தேர்ந்தெடுக்கப்படுகிறார்.

2011 விரிவாக்கம் மையப் பகுதியின் எடையை மேலும் குறைத்தது. 42 உள்ளாட்சி அமைப்புகள் இணைந்து, 174 சதுர கிலோமீட்டராக இருந்த நகரம் 426 ஆனது. வட்டங்கள் 200, மண்டலங்கள் 15. பழைய நகரின் 155 வட்டங்கள் 107 ஆகச் சுருக்கப்பட்டு, புதிய பகுதிகளுக்கு 93 கொடுக்கப்பட்டன. 2011 மக்கள்தொகையில் பழைய நகரில் மட்டும் 46 லட்சத்துக்கு மேல். விரிந்த நகரில் சுமார் 67 லட்சம். அதாவது ஏறத்தாழ 70 விழுக்காடு மக்களுக்கு 53 விழுக்காடு வட்டங்கள். பழைய நகரத்துக் கவுன்சிலர் ஒருவர் சராசரியாக 43,000 பேருக்குப் பதில் சொல்ல, இணைந்த பகுதிக் கவுன்சிலருக்கு அதில் பாதிதான். 2018-இல் எல்லைகள் மறுபடி வரையப்பட்டன. மொத்தம் 200 ஆகவே நின்றது. அந்த வரையறையில் ஜார்ஜ் டவுன் 49 முதல் 63 வரையிலான வட்டங்களைக் கொண்ட ராயபுரம் மண்டலத்தில் அடங்கியது.

2016 அக்டோபரில் நடக்கவிருந்த தேர்தலைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்ய, மன்றத்தின் காலமும் அம்மாதமே முடிந்தது. தனி அதிகாரிகளின் ஆட்சி மீண்டும் ஐந்தாண்டுக்கு மேல் நீடித்தது. பெண்களுக்குப் பாதி இடம் என்ற 2016 சட்டத்தின் பயன் 2022 பிப்ரவரி 19 அன்று நடந்த தேர்தலில்தான் சென்னைக்குக் கிட்டியது. தி.மு.க. மட்டும் 153 வட்டங்களை வென்றது. திரு.வி.க. நகர் மண்டலத்தின் 74-ஆவது வட்டத்திலிருந்து வந்த ஆர். பிரியா மேயரானார், தாரா செரியன், காமாட்சி ஜெயராமனுக்குப் பின் மூன்றாவது பெண் மேயர், முதல் தலித் பெண் மேயர். மாநில அளவில் 60 விழுக்காட்டைத் தாண்டிய வாக்குப்பதிவு சென்னையில் சுமார் 43.6 விழுக்காட்டிலேயே நின்றது. வாடகை வீடு மாறியும் பெயர் பழைய பட்டியலிலேயே கிடப்பது ஒரு காரணம். கவுன்சிலர் இல்லாத காலத்திலும் நகரம் எப்படியோ ஓடியது என்ற அனுபவம் இன்னொன்றாக இருக்கலாம்.

2022 மார்ச் 2 அன்று பதவியேற்ற மன்றத்தின் ஐந்தாண்டுக் காலம் 2027 மார்ச் தொடக்கத்தில் முடிகிறது. அதற்குள் அடுத்த தேர்தலை நடத்தி முடிக்க வேண்டும் என்பது அரசமைப்பின் 243-யு பிரிவு.