புள்ளிவிவரப் பரவல்

ஓர் இயல்பைப் பலமுறை அளந்தோ எண்ணியோ பெற்ற மதிப்புகளுள் எது எத்தனை தடவை வந்திருக்கிறது என்று காட்டும் அமைப்பே பரவல் எனப்படும். அதை விவரிக்கப் புகுவோர், நடுமதிப்பு எங்கே நிற்கிறது, மதிப்புகள் எவ்வளவு தூரம் சிதறியிருக்கின்றன, அச்சிதறல் இருபுறமும் சமமானதா, ஒருபுறம் நீண்டதா என்ற மூன்றையும் சேர்த்தே சொல்லவேண்டும். சராசரியோடு நிறுத்திக்கொள்வது பெரும்பாலும் விஷயத்தை மறைப்பதாகவே முடியும்.

இதற்குப் பிரசித்தமான உதாரணம், பிற்காலத்தில் பெர்லினில் பேராசிரியராக விளங்கிய லாடிஸ்லாஸ் போர்ட்கேவிச் 1898-இல் வெளியிட்ட நூலில் உள்ளது. பிரஷ்ய சேனையில் குதிரையால் உதைபட்டு மாண்ட வீரர்களின் கணக்கை, 1875 முதல் 1894 வரையிலான 20 வருஷங்களுக்கு அவர் பிரிவுவாரியாகத் திரட்டினார். அமைப்பில் வேறுபட்ட நான்கு பிரிவுகளை நீக்கி எஞ்சிய பத்தைக் கொண்டால், ஒரு பிரிவுக்கு வருஷம் ஒன்றாக 200 பதிவுகள் தேறுகின்றன. அவற்றுள் 109-இல் மரணமே இல்லை. 65-இல் ஒருவர், 22-இல் இருவர், 3-இல் மூவர், ஒரே ஒரு பதிவில் நால்வர். ஆக 122 பேர்.

சராசரி 0.61. இடைநிலையும் முகடும் பூஜ்யமாயிருக்க, வலப்புறம் நீண்ட சில பதிவுகளே சராசரியை மேலே இழுத்திருக்கின்றன. இதையே நேர்க்கோட்டம் என்பர். விலக்க வர்க்கச் சராசரியும் ஏறக்குறைய 0.61-ஆகவே வருவது கவனிக்கத்தக்கது. அரிதாகவும் ஒன்றையொன்று சாராமலும் நேரும் சம்பவங்களுக்குப் பிரெஞ்சுக் கணித மேதை பாய்சான் வகுத்த பரவலின் லட்சணம் அதுவே. அவ்விதிப்படி எதிர்பார்க்கத்தக்க பதிவுகள் முறையே 108.7, 66.3, 20.2, 4.1, 0.6, இவ்வளவு நெருங்கிய பொருத்தம் உண்மையிலேயே வியப்புக்குரியது. நால்வர் மாண்ட அந்த ஒரு வருஷத்துக்காக அப்பிரிவின் தளபதியைக் குறைகூறத் தோன்றலாம்; ஆயினும் தற்செயல் ஒன்றே அதை விளக்கப் போதுமானதாயிருக்கையில், அக்குற்றச்சாட்டுக்கு இந்த எண் மட்டும் ஆதாரமாகாது.

மனிதரின் உயரத்தைப் போலச் சமச்சீராக, மணிவடிவில் அமையும் அளவுகளில், சராசரியின் இருபுறமும் ஒரு திட்ட விலக்கத்துக்குள் சுமார் 68 சதவீதம் அடங்கிவிடுவதால், அவ்விரண்டு எண்களே போதும். இங்கோ திட்ட விலக்கம் 0.78, அதைச் சராசரியிலிருந்து கழித்தால் மரணங்களின் எண்ணிக்கை பூஜ்யத்துக்கும் கீழே போய்விடும். ஆகையால், இத்தகைய பரவலுக்கு அட்டவணையை முழுமையாகக் கொடுப்பதே உத்தமம். இடமில்லாதபோது கீழ்க் கால்மானம் 0, இடைநிலை 0, மேல் கால்மானம் 1, உச்ச மதிப்பு 4 என்று குறிக்கலாம்.