முத்திரையும் கூலியும்

வேலை செய்தவனுக்கு உரிய கூலியைக் கொடுப்பதே முறை என்பதை எவரும் மறுப்பதில்லை. ஆயினும், வேலை வாங்கியது நகரசபையாகவோ அரசாங்க இலாகாவாகவோ இருந்து, ஒப்பந்தமும் சட்டம் விதித்த முறைப்படி எழுதப்படாமற் போயிருப்பின் கண்டிராக்டரின் கதி யாது? கட்டடம் எழுந்து நிற்கும். பணமோ வந்து சேராது. இவ்வினாவுக்கு நீதிமன்றங்கள் கூறிய விடைகள் இடத்துக்கு இடம் வேறுபட்டன.

இங்கிலாந்தில் 1875ஆம் ஆண்டின் பொதுச் சுகாதாரச் சட்டம் ஒரு விதியை வகுத்தது. நகர சுகாதாரப் பொறுப்புடைய சபை செய்யும் ஒப்பந்தம் 50 பவுனுக்கு மேற்பட்டதாயின், அஃது எழுத்தில் அமைந்து, சபையின் முத்திரையும் பெற்றிருத்தல் வேண்டும். லெமிங்டன் நகரின் குடிநீர்த் திட்ட வேலையைச் செய்த கண்டிராக்டர்களிடம் முத்திரையிட்ட ஒப்பந்தம் இல்லை. வேலையின் பயனை நகரம் பெற்றது. எனினும் 1883இல் பிரபுக்கள் சபை அவர்களுடைய கோரிக்கையை ஏற்கவில்லை. சபையின் பணம் வரி செலுத்துவோரின் பணம். அதைக் காக்கவே முத்திரை விதி பிறந்தது. ஆகவே அதைத் தளர்த்தலாகாது என்பதே அத்தீர்ப்பின் கருத்து. நியாயமான கவலைதான். ஆனால் அந்தக் காவலுக்கான விலையை உழைத்தவனே கொடுக்க நேர்ந்தது.

இதற்கு முன்பே, 1872இல், இந்திய ஒப்பந்தச் சட்டம் தன் 70ஆம் பிரிவில் வேறொரு வழியைத் திறந்து வைத்திருந்தது. ஒருவன் சட்டத்துக்கு மாறுபடாத ஒரு செயலைப் பிறனுக்காக, இலவசமாகச் செய்யும் எண்ணமின்றிச் செய்து, பிறன் அதன் பயனை நுகர்ந்தால், நுகர்ந்தவன் ஈடு செய்யவேண்டும் என்பது அதன் பொருள். 1894இல் சென்னை உயர்நீதிமன்றத்தில் இப்பிரிவைத் துணைக்கொண்டது அரசாங்கமே. அரசாங்கம் பழுது பார்த்த ஏரியின் நீர் ஜமீன் கிராமங்களுக்கும் பாய்ந்ததால், ஜமீன்தார்களும் செலவில் பங்கு ஏற்க வேண்டுமென்று தீர்ப்பாயிற்று.

பின்னர் அதே பிரிவு அரசாங்கத்தின் பக்கமே திரும்பியது. 1944இல் வங்காளத்து ஆராம்பாக்கில், அதிகாரிகளின் வேண்டுகோளின்படி பி. கே. மண்டல் நிறுவனத்தார் சேமிப்புக் கொட்டகைகள் முதலியவற்றைக் கட்டித் தந்தனர். ஒப்பந்தம் 1935ஆம் ஆண்டின் இந்திய அரசாங்கச் சட்டம் விதித்த வடிவில் இல்லை. 1961 டிசம்பரில் இந்திய உச்சநீதிமன்றம் ஒப்பந்தம் செல்லாது என்றது; ஆயினும் வேலையை ஏற்றுப் பயன்படுத்திய அரசாங்கம் ஈடு தரவேண்டும் என்றும் கூறியது. அவ்வாறாயின் ஒப்பந்த விதி வீணாகாதோ என்று அரசாங்கத் தரப்பு வாதித்தது. ஆகாது என்பதே விடை. செல்லாத ஒப்பந்தத்தைக் கொண்டு நஷ்டஈடு கோர முடியாது. வேலையை ஏற்க மறுக்கும் உரிமையும் அரசாங்கத்துக்கு உண்டு. ஏற்றுக்கொண்ட பின் கைவிரிப்பதுதான் கூடாது.

மலாயாவின் 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டம் இவ்விதியைத் தன் 71ஆம் பிரிவாக ஏற்றது. 1967இல், மலாயாவிலிருந்து சென்ற ஒரு சுரங்க வழக்கில், அப்பிரிவுக்குரிய நிபந்தனைகளைப் பிரிவி கவுன்சில் நான்காக வகுத்துரைத்தது. இங்கிலாந்தும் 1960இல் சட்டமியற்றி, பொதுச் சபைகளின் ஒப்பந்தங்களுக்கு முத்திரை வேண்டும் என்ற பழைய கட்டாயத்தை நீக்கியது.

ஆயினும் இப்பிரிவு தருவது பேசிய தொகையன்று; பெற்ற பயனுக்குத் தக்க ஈடு மட்டுமே. ஆகவே, முறைப்படி எழுதிய ஒப்பந்தமே கண்டிராக்டருக்கு முதற் காவல். 71ஆம் பிரிவு அது தவறியபோது உதவும் துணைக் காவல். முத்திரை பொதுப் பணத்தைக் காக்கலாம். உழைப்பை இலவசமாகப் பெறும் உரிமையை அது எவருக்கும் தருவதில்லை.