அடூர் பாஸி: சிரிப்பும் பயமும்

அடூர் பாஸியை நான் வெகுகாலம் மதித்ததில்லை. பிரேம் நஸீர் படங்களில் கதை நின்றுவிடும். பாஸியும் பஹதூரும் வந்து ஏதாவது செய்துவிட்டுப் போவார்கள். பிறகு கதை தொடரும். சினிமாவைக் கலையாகப் பார்க்கிறவன் அந்த நேரத்தில் வெளியே போய் பீடி பற்றவைத்துக்கொள்வதுதான் முறை என்று இருந்தேன். ஜான் ஆபிரகாமின் 'செறியாச்சன்டெ குரூரகிருத்தியங்கள்' (1979) பார்த்த பிறகுதான் அது எவ்வளவு அசட்டுத்தனம் என்று பட்டது.

பாஸி திடீரென்று முளைத்த கோமாளி அல்ல. 1927இல் பிறந்த இந்த பாஸ்கரன் நாயர், 'மார்த்தாண்டவர்மா' எழுதிய சி.வி. ராமன் பிள்ளையின் மகள் வயிற்றுப் பேரன். ஹாஸ்ய எழுத்தாளர் இ.வி. கிருஷ்ண பிள்ளையின் மகன். சி.வி.யைச் சரித்திர நாவலாசிரியராக மட்டுமே நாம் அறிவோம். அவர் பிரஹஸனங்களும் எழுதியவர். 'குறுப்பில்லாக் களரி' 1909இல் வந்தது. மருமகன் இ.வி.யும் அதே வழியில் போனார். இந்த நாடகங்களில் ஹாஸ்யம் இடைச்செருகல் அல்ல, நாடகமே அதுதான். தன்னைப் பற்றித் தானே சிரித்துக்கொள்ள ஒரு சமூகம் ஏற்படுத்திக்கொண்ட இடம் அது. சினிமா செய்த காரியம், அதை நறுக்கி எடுத்து இரண்டு பாட்டுகளுக்கு நடுவே ஒட்டியதுதான்.

'திரமால'யில் (1953) சின்ன வேஷம். ராமு காரியாட்டின் 'முடியனாய புத்ரன்' (1961) வந்த பிறகு ஓய்வே இல்லை. மலையாளப் படங்களில் பெரும்பகுதி சென்னை ஸ்டுடியோக்களில் அவசர அவசரமாகத் தயாரான காலம் அது. அவர் நடித்தவை நூற்றுக்கணக்கில் போகும். 'விருதன் சங்கு' (1968) போல அவரையே நாயகனாக வைத்த படம் அபூர்வம். பின்னால் சில படங்களை இயக்கவும் செய்தார். அதை இங்கே நீட்ட வேண்டியதில்லை.

சேதுமாதவனின் 'சட்டக்காரி'யில் (1974) ஆங்கிலோ இந்திய ரயில் டிரைவர் மோரிஸாக நடித்ததற்குக் கேரள அரசின் சிறந்த நடிகர் பரிசு கிடைத்தது. நல்ல நடிப்புதான், சந்தேகமில்லை. ஆனால் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. சிரிக்க வைப்பவன் சிரிப்பை விட்டுவிட்டுக் கண்கலங்க வைத்தால்தான் அவன் நடிகன் என்று ஒப்புக்கொள்கிறோம். அதுவரை அவன் செய்ததெல்லாம் என்னவாம்?

ஜான் அப்படி நினைக்கவில்லை. இவர் 'அக்ரஹாரத்தில் கழுதை' (1977) எடுத்த ஜான்தான். அதன் திரைக்கதை வெங்கட் சாமிநாதனுடையது என்பதால் நம்மவர்களுக்கு அறிமுகம் தேவையில்லை. குட்டநாட்டு நிலக்காரர் செறியாச்சன் தலைப்பு சொல்லும் குரூரம் எதையும் தன் கையால் செய்வதில்லை. வயல் தொழிலாளிகள் மீது நடக்கும் வன்முறைக்குச் சாட்சி, அவ்வளவுதான். ஆனால் பயம் பிடித்துக்கொள்கிறது, போலீஸ் தன்னைத்தான் தேடுகிறது என்று. இந்தப் பயத்துக்கு பாஸி புதிதாக எதையும் கற்றுக்கொள்ளவில்லை. உருளும் விழி, குறுகும் தோள், ஓசை கேட்டதும் துள்ளும் அந்த மெலிந்த உடம்பு எல்லாம் நஸீர் படங்களில் நூறு தடவை பார்த்தவை. ஜான் அவற்றை மாற்றவில்லை, அடக்கவும் இல்லை. நடுவே வந்து காப்பாற்றும் நாயகனை மட்டும் எடுத்துவிட்டார். பயம் முடிகிற இடம் இல்லாமல் போயிற்று. ஒரு வர்க்கத்தின் குற்ற உணர்வைக் காட்ட இதைவிடப் பொருத்தமான உடம்பு அன்று மலையாளத்தில் வேறு இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை. இதற்கும் அரசுப் பரிசு கிடைத்தது. இந்தத் தடவை சரியான காரணத்துக்காக.

ஜான் 1987இல் போனார், பாஸி 1990இல். நான் அந்தப் படத்தைப் பார்த்தது ஒரு ஃபிலிம் சொஸைட்டியில். செறியாச்சன் பயந்துபோய்த் தென்னை மரத்தில் ஏறுகிறார். பழக்க தோஷம், உரக்கச் சிரித்துவிட்டேன். வேறு யாரும் சிரிக்கவில்லை. பாஸி ஏறிக்கொண்டே இருந்தார்.