கப்பலுக்கு அடியில் போன கலம்

சாயப்பட்டறைப் பக்கம் போனவர்களுக்கு ஹைட்ரோ தெரிந்திருக்கும். சாயத்திலிருந்து சொட்டச் சொட்ட எடுத்த துணியை அதில் திணித்து ஓடவிட்டால், உள்ளே கூடை சுழல்கிற வேகத்தில் தண்ணீர் பிய்த்துக்கொண்டு வெளியேறும். திருப்பூர் நெருப்பெரிச்சலில் பனியன் துணியோடு காலம் தள்ளும் எங்களுக்கு அது அன்றாடச் சத்தம். இந்த ஹைட்ரோவுக்குப் பேர்போன பழைய கம்பெனிகளில் ஒன்று தாமஸ் பிராட்பென்ட். இங்கிலாந்தின் கம்பளித் துணி ஊரான ஹடர்ஸ்ஃபீல்டில் இருப்பது. இரண்டாம் உலகப் போரில் இந்தக் கம்பெனியின் பட்டறையில் நீர்மூழ்கிக் கப்பல்கள் கட்டினார்கள்.

ஹடர்ஸ்ஃபீல்டுக்கும் நம் திருப்பூரைப் போலக் கடல் கிடையாது. பெரிய கப்பல் கட்டும் தளங்கள் எல்லாம் பெரிய கப்பல்களில் மூழ்கிக் கிடந்ததால், நாலு பேர் மட்டும் போகிற குட்டி நீர்மூழ்கிகளை உள்நாட்டுப் பட்டறைகளுக்குப் பிரித்துக் கொடுத்தார்கள். செஸ்டர்ஃபீல்டின் மார்க்கம், கெயின்ஸ்பரோவின் மார்ஷல் என்று ஆளுக்குச் சில. மார்ஷல் என்ற பெயர் தேயிலைத் தொழிற்சாலைக்காரர்களுக்குப் பழக்கமானது; தேயிலை இயந்திரம் செய்து விற்ற அதே கம்பெனிதான். பாரோ இன் ஃபர்னஸ் ஊரில் விக்கர்ஸ் கட்டியவையும் உண்டு. அப்படிப் பாரோவில் பிறந்த ஒரு கலத்தின் கதைதான் இது. அதன் எண் எக்ஸ்இ-3. அது போய்ச் சேர்ந்த இடமோ, நம் ஜனங்கள் தலைமுறை தலைமுறையாகப் பிழைக்கப்போன சிங்கப்பூர்.

நீளம் 53 அடி. அகலம் ஆறடிக்கும் குறைவு. எடை சுமார் 30 டன். மேலே மிதந்து ஓடும்போது 42 குதிரைத்திறன் கார்ட்னர் டீசல் எஞ்சின்; பேருந்துகளிலும் லாரிகளிலும் ஓடிய ரகம். மூழ்கியபின் பேட்டரியும் மின்மோட்டாரும். உள்ளே நிமிர்ந்து நிற்க முடியாது. நடுவில் ஒரு சின்ன அறை. முக்குளிப்பவர் அதற்குள் நுழைந்து உட்கதவை மூடிக்கொண்டு தண்ணீரை நிரப்புவார், பிறகு தலைக்கு மேலுள்ள மூடியைத் திறந்து கடலுக்குள் போவார். அந்த அறைதான் நாலு பேருக்கும் கழிப்பறையும்கூட. டார்பிடோ கிடையாது. இரண்டு பக்கத்திலும் பொதியைப் போல வெடி; எதிரிக் கப்பலுக்கு அடியில் போய்ப் படுத்து, அதை அங்கேயே கழற்றி விட்டுவிட்டு, கடிகாரம் ஓடி முடிவதற்குள் வெளியேறிவிட வேண்டும்.

இதன் முந்தைய தலைமுறை எக்ஸ் ரகம். 1943 செப்டம்பரில் நார்வேயின் மலையிடுக்குக் கடலில் ஒளிந்திருந்த ஜெர்மானியப் போர்க்கப்பல் டிர்பிட்ஸை முடக்கியது அந்த ரகம்தான். அந்தப் பயணத்தில் கற்ற ஒரு பாடம் நூல் தொழில் செய்கிறவர்களுக்குப் புரியும். குட்டிக் கலங்களால் அவ்வளவு தூரம் தானே ஓட முடியாது. பெரிய நீர்மூழ்கிதான் கயிறு கட்டி இழுத்துப் போகவேண்டும். மணிலா நார்க் கயிறு கட்டியவை வழியிலேயே அறுந்தன. புதிதாக வந்த நைலான் கயிறு தாங்கியது. கயிறு அறுந்த எக்ஸ்-9 மூன்று பேரோடு காணாமலே போய்விட்டது. டிர்பிட்ஸுக்கு அடியில் வெடி வைத்த எக்ஸ்-7ஐ இழுத்துப்போன வழியில் அதற்குள் இருந்து பார்த்துக்கொண்டவர்களில் ஒருவர் ஜேம்ஸ் மகெனிஸ். பெல்ஃபாஸ்ட்டின் ஏழைத் தெருவில் பிறந்து, பதினாறு வயதுக்குள் கடற்படையில் சேர்ந்தவர். அவரிடம் பிறகு வருகிறேன்.

1945 பிப்ரவரியில் ஆறு எக்ஸ்இ கலங்களை ஏற்றிக்கொண்டு போனவென்ச்சர் என்ற தாய்க்கப்பல் ஸ்காட்லாந்தை விட்டுக் கிளம்பியது. அட்லாண்டிக் தாண்டி, பனாமா கால்வாய் தாண்டி, ஹவாய் வழியாக ஏப்ரலில் ஆஸ்திரேலியா. பாதி உலகம் சுற்றி வந்த கலங்களுக்கு அங்கே வேலையில்லை. பசிபிக்கில் போரை நடத்திக்கொண்டிருந்த அமெரிக்கர்கள் இவற்றை வேண்டாம் என்றார்கள்; உயிரைப் பணயம் வைக்கிற இந்த வேலை அவர்களுக்குப் பிடிக்கவில்லை. பிரிவையே கலைத்துவிடும் நிலை வந்தது. தலைவர் கேப்டன் ஃபெல், நியூசிலாந்துக்காரர், விடவில்லை. மேலதிகாரி மாற்றி மேலதிகாரியைப் போய்ப் பார்த்தார். கடலடித் தந்திக் கம்பிகளை வெட்டும் வேலை முதலில் கிடைத்தது. அதற்காகக் குயின்ஸ்லாந்து கடலில் பழகியபோதே இரண்டு பேர் முக்குளிப்பில் இறந்தார்கள். அதன் பிறகுதான் சிங்கப்பூர் வேலை வந்தது.

சிங்கப்பூரில் அப்போது ஜப்பானியர் ஆட்சி நாலாவது வருஷம். ஜப்பானியர் அச்சிட்ட வாழைமர நோட்டுக்கு மதிப்பில்லை. மரவள்ளிக்கிழங்குதான் சோறு. மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் மரண ரயில் பாதை போடப் பிடித்துப் போகப்பட்ட தமிழர்களில் பல்லாயிரம் பேர் திரும்பவில்லை. இன்னொரு பக்கம் நேதாஜியின் படை. 1945 ஜூலை 8 அன்றுதான் இறந்த வீரர்களுக்கான நினைவுச் சின்னத்துக்குக் கடற்கரையில் அவர் அடிக்கல் நாட்டினார். தீவின் வடக்கே, ஜோகூர் நீரிணையை ஒட்டி, செம்பவாங்கில் பிரிட்டிஷார் கட்டிய பெரிய கடற்படைத் தளம் ஜப்பானியர் கையில். அங்கேதான் தகாவோ கட்டப்பட்டுக் கிடந்தது.

தகாவோ 1932 முதல் ஓடிய கனரகக் குரூசர். 1944 அக்டோபரில் பலாவன் அருகே டார்ட்டர் என்ற அமெரிக்க நீர்மூழ்கி அடித்ததில் பின்புறம் சிதைந்து, சிங்கப்பூர் வரை தட்டுத் தடுமாறி வந்தது. அதற்குமேல் கடலுக்குப் போகும் நிலையில் அது இல்லை. இதைச் சொல்லிவிட்டு, முடமான கப்பலைத் தாக்குவது என்ன வீரம் என்று கேட்பவர்கள் உண்டு. எனக்கு அந்தக் கேள்வி சரியாகப் படவில்லை. 20 சென்டிமீட்டர் வாய் கொண்ட பீரங்கிகள் அதில் இருந்தன. பிரிட்டிஷ் படை மலாயாவில் இறங்கி ஜோகூர் வழியாகத் தீவுக்குள் வரத் திட்டமிட்டிருந்தது. நகராத கப்பலானாலும் அந்தப் பாதையைப் பார்த்துச் சுட அதற்குக் கால் தேவையில்லை. உள்ளே போன நாலு பேருக்கு முன்னால் இருந்த கண்ணிவெடியும் வலையும் காவலும் கப்பலின் உடல்நிலையைப் பார்த்துக் குறைந்துவிடவுமில்லை.

ஜூலை 26 அன்று போர்னியோ கரையோர லபுவானிலிருந்து ஸ்டிஜியன் என்ற நீர்மூழ்கி எக்ஸ்இ-3ஐ இழுத்துக்கொண்டு கிளம்பியது. கூடவே ஸ்பார்க் இழுத்து வந்த எக்ஸ்இ-1. 30ஆம் தேதி இரவு கயிற்றை அவிழ்த்தார்கள். உள்ளே 24 வயது லெப்டினென்ட் இயன் ஃப்ரேசர், நியூசிலாந்துக்காரரான வில்லியம் ஸ்மித், எஞ்சின் பொறுப்பாளர் சார்லஸ் ரீட், முக்குளிப்பவராக மகெனிஸ். முன்னால் 40 மைல் நீரிணை. கப்பல்கள் போக்குவரத்துக்காகக் கண்ணிவெடி அகற்றி வைத்த பாதையில் கடலடி ஒலிகேட்கும் கருவிகள் இருந்ததால், ஃப்ரேசர் தெரிந்தே அந்தப் பாதையை விட்டு கண்ணிவெடி வயலுக்குள் கலத்தைத் திருப்பினார். விடிந்த பிறகு, 31ஆம் தேதி முற்பகலில், நீர்மூழ்கித் தடுப்பு வலையின் வாசல் திறந்திருக்கக் கண்டு உள்ளே நுழைந்தார்கள். நண்பகலுக்குப் பின் பெரிஸ்கோப்பில் தகாவோ தெரிந்தது. ஒரு தடவை பெரிஸ்கோப்பை ஏற்றியபோது, ஜப்பானிய மாலுமிகள் நிறைந்த ஒரு படகு சில கஜ தூரத்தில். பேசிக்கொண்டிருந்தவர்களின் முகம் வரை ஃப்ரேசரால் பார்க்க முடிந்தது.

முதல் முயற்சி கப்பலின் பக்கத்தில் போய் இடித்து நின்றது. தகாவோவின் இரண்டு முனைகளும் கிட்டத்தட்டத் தரையைத் தொட்டுக்கொண்டிருந்தன. நடுவயிற்றுக்குக் கீழே மட்டும் ஒரு சிறு பள்ளம். வேறொருவராக இருந்தால் பக்கத்திலேயே வெடியைப் போட்டுவிட்டுப் போயிருப்பார். ஃப்ரேசர் பின்வாங்கி மறுபடி வந்தார். கடல்தரையில் உரசி உரசி, நாற்பது நிமிஷம் தள்ளித் தள்ளி, கப்பலின் நடுவே அடியில் கலத்தைச் செருகினார்.

இப்போது மகெனிஸின் வேலை. அறையில் தண்ணீர் நிரப்பி மேல்மூடியைத் தள்ளினால் அது முழுசாகத் திறக்கவில்லை. மேலே தகாவோவின் இரும்பு வயிறு இடித்தது. மூச்சுக் கருவியின் காற்றைக் குறைத்து, உடம்பைச் சுருக்கி, அந்த இடுக்கில் நெளிந்து வெளியே போனார். ஒட்டவேண்டியது காந்தம் பொருத்திய ஆறு லிம்பெட் வெடிகள். காந்தம் இரும்பைக் கண்டால்தானே பிடிக்கும். பல மாதம் ஒரே இடத்தில் கட்டிக்கிடந்த கப்பலின் அடி முழுக்கச் சிப்பியும் பாசியும் கெட்டித்துப் போயிருந்தது. வயிறு சரிவாக இருந்ததால் வைத்த வெடி நழுவியது. அவர் கத்தியை எடுத்தார். சுரண்டினார். மங்கிய பச்சைத் தண்ணீரில் கையைக் கிழிக்கும் சிப்பியைச் சுரண்டி எடுத்து, ஒரு கையகல இரும்பு தெரிந்ததும் ஒரு வெடி. இரண்டிரண்டாகக் கயிற்றில் பிணைத்து, அடிமரத்துக்கு இந்தப் பக்கம் ஒன்று அந்தப் பக்கம் ஒன்றாகத் தொங்கவிட்டார், ஒன்றை ஒன்று நழுவவிடாமல் பிடிக்க. அரைமணி நேரம். அதற்குள் அவர் மூச்சுக் கருவியில் கசிவு. குமிழி வெளியே தெரியக்கூடாது என்பதற்காகவே செய்யப்பட்ட கருவி அது. அந்தக் குமிழிகள் இப்போது பட்டப்பகலில் எதிரித் துறைமுகத்தின் நீர்மட்டத்துக்கு வரிசையாக ஏறிக்கொண்டிருந்தன. மேலே நின்ற யாரும் கவனிக்கவில்லை. ஆறையும் ஒட்டிவிட்டுத்தான் திரும்பினார்.

பக்கவாட்டுப் பெரிய வெடியை, சுமார் இரண்டு டன், கழற்றி விட்டார்கள். மறுபக்கத்தில் லிம்பெட் வெடிகளைச் சுமந்து வந்த கூடு மட்டும் கழலவில்லை. கிளம்பப் பார்த்தால் கலம் அசையவில்லை. வற்று நேரம், தண்ணீர் இறங்க இறங்கத் தகாவோ இவர்கள் முதுகில் உட்கார்ந்துகொண்டிருந்தது. ஓடுகிற கடிகாரங்களை வைத்தவர்களே அவற்றுக்குக் கீழே மாட்டிக்கொண்டார்கள். முன்னே, பின்னே, தொட்டிகளில் காற்று, தண்ணீர் என்று மாற்றி மாற்றிப் போராடி, கடைசியில் ஒரு உதறலில் கலம் வெளியே பாய்ந்தது.

தொங்கும் கூட்டோடு கலத்தைச் சீராக ஓட்ட முடியவில்லை. யாராவது வெளியே போய்க் கழற்றவேண்டும். மகெனிஸ் களைத்துக் கிடந்ததைப் பார்த்த ஃப்ரேசர் தானே போவதாகச் சொன்னார். கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொள்கிறேன், நானே போகிறேன் என்றார் மகெனிஸ். பெரிய ஸ்பானரோடு மறுபடி தண்ணீருக்குள். ஏழு நிமிஷத்தில் கூடு கழன்றது.

இரவு ஒன்பதரைக்கு வெடித்தது. தகாவோவின் அடி கிழிந்து அது தரையில் உட்கார்ந்தது. எக்ஸ்இ-3 நள்ளிரவை ஒட்டி ஸ்டிஜியனிடம் போய்ச் சேர்ந்தது. எக்ஸ்இ-1இன் குறி மியோகோ என்ற இன்னொரு குரூசர். வழியில் தாமதமானதால் அதன் தலைவர் ஸ்மார்ட்டும் தகாவோவிடமே வந்து தன் வெடியைப் போட்டுவிட்டுத் திரும்பினார். முதல் கலத்தின் வெடி வைத்தாயிற்றா, எப்போது வெடிக்கும் என்று தெரியாமல் அதன் அருகே போன அந்தத் துணிச்சலும் சிறிதல்ல.

பிறகு நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். வானத்திலிருந்து எடுத்த படத்தில் தகாவோ நின்ற இடத்திலேயே நிற்பதாகத் தெரிந்ததால் மறுபடி போகச் சொன்னார்கள். அதற்குள் ஹிரோஷிமா, நாகசாகி, சரணடைவு. 1945 நவம்பரில் ஃப்ரேசருக்கும் மகெனிஸுக்கும் விக்டோரியா கிராஸ் வீரப் பதக்கம். 1946 அக்டோபரில் தகாவோவை மலாக்கா நீரிணைக்கு இழுத்துப்போய் மூழ்கடித்தார்கள். எக்ஸ்இ-3 பழைய இரும்பாக உடைபட்டது. அதன் உடன்பிறப்பான எக்ஸ்இ-8 மட்டும் இங்கிலாந்தின் சாதம் கப்பல்தள அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதைக் கட்டியது, ஹைட்ரோ செய்த பிராட்பென்ட்.

மகெனிஸின் பிற்காலத்தை நினைத்தால் மனம் பொறுப்பதில்லை. இரண்டாம் உலகப் போரில் வட அயர்லாந்துக்குக் கிடைத்த ஒரே விக்டோரியா கிராஸ் அவருடையது. சொந்த ஊர் அவருக்கு நகரின் கௌரவக் குடியுரிமை தரவில்லை. கத்தோலிக்கர் என்பதே காரணம் என்று பெல்ஃபாஸ்ட்டில் இன்றும் பேசுவார்கள். வறுமையில் 1952இல் அந்தப் பதக்கத்தை 75 பவுண்டுக்கு விற்றார். வாங்கியவரே திருப்பிக் கொடுத்தார். பிறகு யார்க்‌ஷயருக்குக் குடிபெயர்ந்து, ஹடர்ஸ்ஃபீல்டுக்குப் பக்கத்து ஊரும் கம்பளி ஊருமான பிராட்ஃபோர்டில் எலக்ட்ரீஷியனாக உழைத்து, 1986இல் இறந்தார். பெல்ஃபாஸ்ட் அவருக்கு நினைவுச் சின்னம் எழுப்பியது 1999இல். பெரிய திட்டம் தீட்டியவர்கள் பலர் இருக்கலாம். அந்தப் பயணத்தின் பலன் கடைசியில் ஒரு கத்தியும் ஒரு தொழிலாளியின் இரண்டு கையும்தான் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

இந்தக் கதை முழுக்க ஒரு பக்கத்திலிருந்து மட்டுமே நமக்குக் கிடைத்திருக்கிறது. செம்பவாங் கடற்படைத் தளத்தில் போருக்கு முன்னும் பின்னும் தமிழர்களும் மலையாளிகளும் ஏராளமாக வேலை பார்த்தார்கள். குடும்பம் குடும்பமாக அங்கே வாழ்ந்தார்கள். தீவின் தமிழர் போர்க்கால நினைவுகளில் ரயிலும் நேதாஜியும் இருக்கும் அளவுக்கு அந்த நீரிணை இல்லை. இந்தக் கட்டுரையைச் சிங்கப்பூரிலோ ஜோகூரிலோ படிக்கிற யாருடைய தாத்தாவோ பாட்டியோ செம்பவாங் பக்கம் இருந்திருந்தால், 1945 ஜூலை 31 இரவு அவர்கள் என்ன கேட்டார்கள், மறுநாள் ஊரில் என்ன பேச்சு என்று வீட்டுப் பெரியவர்களிடம் விசாரியுங்கள். கேட்டதை எழுதி, ஊரும் வயதும் குறித்து, சிங்கப்பூர் தேசிய ஆவணக் காப்பகத்தின் வாய்மொழி வரலாற்றுப் பிரிவில் சேர்த்துவிடுங்கள். அந்த வயதுக்காரர்கள் இனி அதிகம் பேர் இல்லை.