காணி எடுத்தலும் நியாயமான நட்டஈடும்

பொதுத்தேவைக்கெனத் தனியார் காணியை அரசு எடுக்கும் அதிகாரம் இலங்கையில் குடியேற்ற ஆட்சிக் காலத்திலேயே சட்ட வடிவம் பெற்றது. 1876 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் வகித்த இடத்தைச் சுதந்திரத்தின் பின், 1950 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டம் பெற்றது.

இதன் 45 ஆம் பிரிவு சந்தைப் பெறுமதியையே நட்டஈட்டின் அடிப்படையாக்கிற்று. விற்க விரும்பும் ஒருவர் திறந்த சந்தையில் பெறத்தக்க விலையே அது. ஆயின் எந்நாளைய விலை? 7 ஆம் பிரிவின்படியான அறிவித்தல் வர்த்தமானியில் வெளியான நாளைய விலை. சிக்கலின் வேர் இங்கேயே உள்ளது. அவசரத் தேவையெனின் நட்டஈடு தீர்மானிக்கப்படுமுன்னரே காணியைக் கையேற்க 38 ஆம் பிரிவு இடமளிக்கிறது. உரிமையாளரோ விசாரணை, தீர்ப்பு, மீளாய்வுச் சபை, மேன்முறையீடு எனக் காத்திருத்தல் வேண்டும். இடையில் நிலத்தின் விலை உயருகின்றது. பேர்ச் கணக்கில் காணி விலைபேசப்படும் வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும், பழைய விலையைப் பெறும் குடும்பம் அயலிலே அதேயளவு நிலத்தை மீண்டும் வாங்குதல் அரிது. வாடகைக் குடியிருப்பாளர் இழக்கும் தொழிலும் அயலுறவும் சந்தை விலையுள் அடங்குவனவல்ல.

2001 இல் அமைச்சரவை ஏற்றுக்கொண்ட மீள்குடியமர்த்தற் கொள்கை, இழந்ததை மீளப்பெற ஆகும் முழுச் செலவும் தாமதமின்றி வழங்கப்படல் வேண்டும் என்றது. உறுதியற்றோரும் நியாயமாக நடத்தப்படல் வேண்டும் என்றது. எனினும் கொள்கை வேறு, சட்டம் வேறு. வீட்டை இழந்தவர் மீண்டும் ஒரு வீட்டில் வாழ முடிகின்றதா என்பதே நியாயமான நட்டஈட்டை அளக்கும் கோல். அக்கோல் 1950 ஆம் ஆண்டுச் சட்டத்தின் வாசகத்துள்ளேயே இடம்பெறல் வேண்டும்.